பின்னால் நின்றவர்கள்

எங்கள் மலையில் ஒருவர்மேல் குற்றம் வந்தால் கோயில் முன்னால் ஊர் கூடும். குற்றம் சுமந்தவர் நடுவில் நிற்பார். அவரை நம்புகிறவர்கள் எழுந்து போய் அவருக்குப் பின்னால் நிற்பார்கள். வாய் திறந்து எதுவும் சொல்ல வேண்டியதில்லை. அந்தக் கூட்டத்தைப் பார்த்தே ஊர்க்கவுண்டர் தீர்ப்புச் சொல்லிவிடுவார். ஆடு காணாமல் போனாலும் சரி, புருஷன் பெண்டாட்டி சண்டையானாலும் சரி, இதுதான் வழக்கம். ஒருத்தரும் பின்னால் வராமல் தனியாக நின்ற ஆள் ஒருவரை நான் பார்த்திருக்கிறேன். அந்த முகம் இன்னும் மறக்கவில்லை.

பாய்க்கு அப்படி ஆகிவிடக்கூடாது என்றுதான் நாங்கள் கீழே இறங்கிப் போனோம்.

பாய் என்றால், எங்கள் அரியூர் நாட்டுப் பக்கம் பலா மரங்களைக் குத்தகைக்கு எடுக்கிற வியாபாரி. அடிவாரத்துக்காரர். நான் கல்யாணமாகி இந்த ஊருக்கு வந்த வருடமே அவரைப் பார்த்துவிட்டேன். பிஞ்சு விடும்போது வந்து மரத்தைப் பேசி முடிப்பார், முற்றும்போது வண்டியோடு வருவார். மழை பிடித்துக்கொண்டால் எங்கள் வீட்டில்தான் படுக்கை. "அம்மிணி, களியில கட்டி இருக்குதுங்க" என்று என்னிடம் குறை சொல்கிற தைரியம் என் வீட்டுக்காரருக்கே கிடையாது. பாய்க்கு உண்டு. "கட்டியில்லாத களி வேணும்னா உங்க ஊட்டுக்கே போய்த் தின்னுங்க பாய்" என்பேன். சிரித்துக்கொண்டே இன்னொரு உருண்டை கேட்பார்.

இப்போது செல்போன் வந்துவிட்டதல்லவா, காயையும் மரத்தையும் வண்டி போகிற தடத்தையும் படம் எடுத்து வெளியூர் வியாபாரிகளுக்கு அனுப்புவதும் அவர் வேலையில் சேர்ந்துகொண்டது. எங்கள் மரம் ஊர் ஊராகப் போகிறது என்று எங்களுக்குப் பெருமைதான்.

அந்த வைகாசியில் எங்கோ தூரத்து ஊரில் குண்டு வெடித்தது. டிவியில் விடிந்தால் அடைந்தால் அதே பேச்சு. தேர்தல் சமயம் வேறு. சந்தைத் திடலில் மைக் பிடித்த ஒருவர், மலைக்காடுகளில் ஒளிந்துகொண்டு பயிற்சி எடுக்கிறார்கள், தாய்மார்கள் உஷாராக இருக்க வேண்டும் என்றார். எங்கள் காட்டில் ஒளிய வேண்டுமானால் முதலில் கரடியிடம் அனுமதி கேட்க வேண்டும் என்று பக்கத்தில் நின்றவளிடம் சொல்லிச் சிரித்தேன். சிரிப்பு அதிக நாள் நிற்கவில்லை. ஒரு நாள் சோதனைச் சாவடியில் போலீஸ்காரர்கள் நான் வந்த பஸ்ஸை நிறுத்தி, தாடியும் தொப்பியுமாக இருந்த பாயை மட்டும் இறக்கினார்கள். பையைத் தரையில் கொட்டினார்கள். வேட்டி, மாத்திரை, சாக்குத் தைக்கிற கோணூசி. ஊசியைப் பிடுங்கி வைத்துக்கொண்டார்கள். நான் ஜன்னல் வழியாகக் கத்தினேன்.

"அவுங்க வேலைய அவுங்க பாக்கறாங்க. உடுங்க அம்மிணி" என்றார் பாய். குனிந்து மாத்திரைகளைப் பொறுக்கிப் பையில் போட்டார்.

பிறகு ஒரு நாள், சுற்றிப் பார்க்க வந்த யாரோ, பாய் எங்கள் காட்டுத் தடத்தைப் படம் எடுப்பதை வீடியோ எடுத்துவிட்டார்கள். இந்த ஆளுக்கு மலையில் என்ன வேலை என்று எழுதிப் போட்டார்கள். அது எங்கள் ஊர் போன்களுக்கே சுற்றி வந்து சேர்ந்தது. மறுநாள் பாயை ஜீப்பில் ஏற்றிக்கொண்டு போனார்கள். பேசி முடித்த மரங்களில் காய் அப்படியே தொங்கியது.

"நெருப்பில்லாம பொகையுமாங்க அண்ணி?" என்றான் என் கொழுந்தன்.

"இங்க பொகையறது உன் வாயில இருக்கற பீடி மட்டுந்தான்" என்றேன். அவனைத் தவிர ஊரே கிளம்பியது. விலை குறைத்துவிட்டார் என்று பாயோடு வருடா வருடம் சண்டை போடுகிற கிழவர்கூட வேனில் முதல் ஆளாக ஏறி உட்கார்ந்தார். வெறுங்கையோடு எப்படிப் போவது என்று, பெரிய அதிகாரிக்கு ஒரு பலாப்பழத்தைச் சாக்கில் கட்டி எடுத்துக்கொண்டோம். போகிற வழியெல்லாம் எனக்குத் தைரியமாகவே இருந்தது. இத்தனை பேர் பின்னால் நின்றால் யார்தான் நம்ப மாட்டார்கள்?

போலீஸ் ஸ்டேஷன் வாசலில் சாக்கைத் தொம்மென்று இறக்கினோம். காவலுக்கு நின்ற இரண்டு பேர் பின்வாங்கி ஓடினார்கள். அவிழ்த்துக் காட்டிய பிறகும் பழத்தை லத்தியால் உருட்டிப் பார்த்தார்கள். அதிகாரி வெளியே வந்தார். நாங்கள் வழக்கப்படி எதுவும் பேசாமல் வரிசையாக நின்றோம்.

"என்ன கூட்டம் இது?"

"அவருக்குப் பின்னால நிக்க வந்தோமுங்க" என்றார் ஊர்க்கவுண்டர்.

"அவன் பேரென்ன?"

ஊர்க்கவுண்டர் என்னைப் பார்த்தார். நான் என் வீட்டுக்காரரைப் பார்த்தேன். "பாய்ங்க" என்றார் ஊர்க்கவுண்டர் கடைசியில்.

அதிகாரி சிரிக்கவில்லை. சிரித்திருந்தால்கூடத் தேவலை. "பேர்கூடத் தெரியாத ஆளுக்கு ஒரு மலையே இறங்கி வந்திருக்கு. வேன் யார் பிடிச்சுக் கொடுத்தது? யார் வரச் சொன்னது?" என்று ஒவ்வொருவராகக் கேட்டார். யாரும் சொல்லவில்லை என்றோம். சொல்லச் சொல்ல அவர் முகம் இறுகிக்கொண்டே போனது. எங்கள் செல்போன் நம்பரையெல்லாம் வாங்கிக்கொண்டு அனுப்பிவிட்டார். பழம் வாசலிலேயே கிடந்தது.

வெளியே வேப்பமரத்தடியில் பாயின் மனைவி உட்கார்ந்திருந்தார். நாங்கள் யாரென்று சொன்னதும் எழுந்து என் கையைப் பிடித்துக்கொண்டார். அழுகிறாரே என்று ஆறுதல் சொல்லப் போனேன்.

"ஒண்ணுமில்லைன்னு இன்னைக்குச் சாயங்காலம் உடறதா இருந்தாங்க கண்ணு. இப்ப, மலை மேல இத்தன பேர எப்படி வளைச்சான்னு மறுபடியும் கேக்கறாங்களாம்."

திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன். அவர் என் கையை விடவே இல்லை. வேனில் திரும்பும்போது ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. யாரைத் திட்டுவது என்றுகூடத் தெரியவில்லை.

பாயை விடுவதற்குள் காய் பழுத்துவிட்டது. பேசி முடித்த மரத்தில் வேறொருவர் கை வைப்பது எங்களுக்கு வழக்கமில்லை. பழங்கள் தானாக விழுந்து வெடித்தன. ஊரெல்லாம் அந்த வாசனை. குமட்டுகிற அளவுக்கு ஆனபோதுதான் பாய் பஸ்ஸில் வந்து இறங்கினார். வழக்கு எதுவும் இல்லை. ஆள் பாதியாக இருந்தார். வீட்டுக்கு வாருங்கள் என்றதற்கு, அடுத்த பஸ்ஸிலேயே கீழே போக வேண்டும் என்றார். களி கிண்டி வைத்திருக்கிறேன், கட்டியே இல்லை என்றேன். சிரிக்கப் பார்த்தார்.

"அம்மிணி, ஒரு ஒதவி. இனி யாராச்சும் வந்து கேட்டா, என்னையத் தெரியாதுன்னு சொல்லிப்போடுங்க. ஊர்ல எல்லார்த்துகிட்டயும் சொல்லிருங்க."

"நானெதுக்குப் பொய் சொல்லோணும்?" என்று சீறினேன்.

"எனக்காகத்தானுங்க."

வீடு வீடாகப் போய்ச் சொன்னேன். விலைக்குச் சண்டை போடுகிற கிழவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார், ஆனால் தலையாட்டினார்.

அறுப்பு முடிந்த சமயம், மப்டியில் இரண்டு பேர் பைக்கில் வந்தார்கள். ஊரைச் சுற்றிவிட்டு, கடைசியாகத்தான் எங்கள் வீட்டுக்கு வந்தார்கள். பலா மரத்தடியில் பைக்கை நிறுத்தி, போனில் பாயின் படத்தைக் காட்டினார்கள். தொப்பி இல்லாமல், சுவரோரமாக நின்றிருந்தார். பின்னால் யாரும் இல்லை.

"இவரைத் தெரியுமா?"



"தெரியாதுங்க."

கேட்டவர், தன்னோடு வந்தவர் பக்கம் திரும்பினார். "பாத்தீங்களா? அன்னைக்கு வேன் வச்சு வந்தவங்க, இன்னைக்கு ஊரே ஒரே பதிலைச் சொல்லுது. ஆள் வந்து சொல்லிக் கொடுத்துட்டுப் போயிருக்கான்" என்று சொல்லி அதையும் எழுதிக்கொண்டார்.