உப்பிய கட்டை

அன்றைக்கு என் பொறுப்பில் விட்ட பையில் நான்கு சாமான்கள்: அக்கா பூத்தையல் போட்ட கைக்குட்டை, சிலேட்டு, தலை துவட்டத் துண்டு, ஒரு பொட்டலம் முறுக்கு. தென்காசியிலிருந்து வண்டி குற்றாலம் போய்ச் சேருவதற்குள் முறுக்கு தீர்ந்துவிட்டது. எனக்கு எட்டு வயது.

சாரலுக்கு வந்து தங்கும் டாக்டரம்மா ஒருவர், தம் பங்களாவில் பெண்பிள்ளைகளுக்குப் போட்டி வைத்தார். கணக்கு, கட்டுரை, தையல், பாட்டு. எல்லாம் சேர்த்து முதலில் வருகிறவளுக்குப் பாளையங்கோட்டையில் விடுதியில் தங்கிப் படிக்க உபகாரச் சம்பளம். ஒரே ஒருத்திக்கு. அக்காவுக்குப் பதினான்கு வயது. கிடைக்காவிட்டால் தை மாதம் கல்யாணம் என்று அப்பா சொல்லியிருந்தார்.

முதல் மூன்றிலும் அக்காவும் ஒரு செங்கோட்டைப் பெண்ணும் சரிசமம். மிச்சம் பாட்டுதான். அக்கா நன்றாகவே பாடினாள். அடுத்து அந்தப் பெண் தன் ஆர்மோனியத்தின் முன் உட்கார்ந்தாள். அவள் வீட்டார் அதைக் காலையிலிருந்து சாரலடிக்கும் வராந்தாவில் வைத்திருந்தார்கள். தொட்டதும் ஒரு கட்டை உள்ளே போனது, மேலே வரவில்லை. துருத்தியை அசைக்கும்போதெல்லாம் அந்த ஒரே சத்தம், கன்றுக்குட்டி கத்துவதுபோல. எல்லோரும் சிரித்தார்கள்.

“பெட்டி இல்லாமப் பாடும்மா” என்றார் டாக்டரம்மா. அவளுக்கு அழுகைதான் வந்தது.

அம்மா சந்தோஷத்தில் என் கையை நசுக்கினாள்.

அப்போது அக்கா எழுந்து போனாள். அப்பாவின் பஜனை ஆர்மோனியத்துக்கும் சாரல்தோறும் இதே வியாதி. அவர் செய்வதைப் பார்த்திருந்தாள். மூடியைத் திறந்து, கட்டையைக் கழற்றி, கொண்டை ஊசியால் உப்பிய பக்கத்தைச் சுரண்டி, அங்கே கிடந்த மெழுகுவர்த்தியைத் தேய்த்து, திரும்பப் பொருத்தினாள்.

“இப்ப வாசிச்சுப் பாரு.”

அந்தப் பெண் பாடினாள். அதன் பிறகு யாருக்கும் சந்தேகம் இருக்கவில்லை. அக்காதான் முதலில் கை தட்டினாள்.

வண்டியில் ஏறியதும் அம்மா வெடித்தாள். “ஏட்டி, ஒனக்கென்ன கோட்டியா பிடிச்சிருக்கு? சும்மா இருந்திருந்தா ஒனக்குல்லா கெடச்சிருக்கும்!”

“மழையால ஜெயிச்சா அது என்ன ஜெயிப்பும்மா?” என்றாள் அக்கா.

தை மாதம் வடகரையில் வாழ்க்கைப்பட்டாள். சில வருஷம் கழித்து அதே உபகாரச் சம்பளத்தில் நான் பாளையங்கோட்டை போனேன். தந்தி வேலையும் பழகினேன். இன்றும் கருவி மக்கர் செய்தால் என் கை முதலில் கொண்டை ஊசியைத்தான் தேடுகிறது.

அன்றைக்கு வழியெல்லாம் அக்கா, சாரலைப் பார்த்தபடி, அந்தப் பெண் பாடிய பாட்டை முனகிக்கொண்டே வந்தாள். ஒவ்வொரு தடவையும் பாதியில் நின்றுபோனது. அதற்கு மேல் அவளுக்குப் பாட்டு மறந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டேன்.