பாலாற்று மணலில் விழுந்த சிப்பாய்

பட்டாளத்துக்கு ஆள் எடுத்தபோது, திரும்பி வந்தால் நிலம் தருவதாகச் சொன்னார்கள். வெள்ளைக்காரனுக்காகப் பஸ்ராவில் சண்டை போட்டுத் திரும்பி வந்த பிறகு அதைப் பற்றி யாரும் வாய் திறக்கவில்லை. கேட்டுக் கேட்டு அலுத்துப்போய் ஆம்பூர் ஸ்டேஷனில் போர்ட்டரானேன். கையில் பித்தளை வில்லையைக் கட்டிக்கொண்டு தோல் கட்டுகளைச் சுமந்தேன். வீட்டுக்குப் போனால் என் குழந்தைகளே நாற்றம் என்று விலகி உட்காருவார்கள்.

என்னோடு பட்டாளத்தில் சேர்ந்தவன் ஒருவன், அணைக்கட்டு ஊர்க்காரன். பஸ்ராவைத் தாண்டி ஒரு மணல்மேட்டில் என் பக்கத்திலேயே குண்டுபட்டுச் செத்தான். சட்டென்று விழவில்லை. முதலில் உட்கார்ந்தான். எதையோ கைதவறிப் போட்டுவிட்டவன்போலத் தன்னைச் சுற்றி மண்ணைத் தடவினான். அப்புறம்தான் சாய்ந்தான். ஊர் திரும்பியதும் அவன் பெண்சாதியைப் போய்ப் பார்த்தேன். "காய்ச்சல்மா. தூக்கத்துலயே போய்ட்டான். வலியே இல்ல" என்று சொல்லிவிட்டு வந்தேன். பிறகு அவளும் பிழைப்புக்கு ஆம்பூருக்கே வந்துவிட்டாள். தோல் பதனிடும் இடத்தில் ஆவாரம்பட்டை இடிக்கும் வேலை. எங்கள் தெருவில்தான் குடியிருந்தாள். என்னை அண்ணா என்பாள்.

ஒரு கோடையில் மெட்ராஸிலிருந்து படக் கம்பெனி ஒன்று வந்து இறங்கியது. படங்கள் பேசாத காலம் அது. வறண்டு கிடந்த பாலாற்று மணலில் சண்டைக் காட்சி எடுக்க வந்திருந்தார்கள். கதாநாயகனுக்குப் பின்னால் ஓடவும் சாகவும் ஆள் தேவைப்பட்டது. போர்ட்டர்களில் பட்டாளத்துக்குப் போனவன் யார் என்று கேட்டதும் எல்லாரும் என்னைக் காட்டினார்கள்.

காக்கி உடுப்பும் மரத் துப்பாக்கியும் கொடுத்தார்கள். குண்டுபட்ட மாதிரி விழச் சொன்னார் படம் எடுக்கிறவர். கூத்தில் பார்த்தபடி இரண்டு கையையும் தூக்கிக்கொண்டு விழுந்தேன். அவருக்குப் பிடிக்கவில்லை.

"நீ நெஜமாவே பாத்தவன்தானே? ஒருத்தன் எப்படிய்யா விழுவான்?"

எனக்குத் தெரிந்தது ஒன்றுதான். உட்கார்ந்தேன். மண்ணைத் தடவினேன். சாய்ந்தேன். கேமராவின் கைப்பிடியைச் சுற்றுவதை நிறுத்திய பிறகும் என்னால் எழுந்திருக்க முடியவில்லை. "பேஷ்" என்று என் முதுகில் தட்டினார். கூலியும் பிரியாணியும் தந்தார்கள். அன்று எனக்குக் கொஞ்சம் ஆறுதலாகக்கூட இருந்தது. அணைக்கட்டுக்காரன் செத்த விதத்தை நாலு பேராவது பார்க்கப்போகிறார்களே என்று நினைத்தேன்.

மழைக்காலம் போன பிறகு அந்தப் படம் எங்கள் ஊர் டென்ட் கொட்டகைக்கு வந்தது. திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று உரக்கக் கதை சொல்லிக்கொண்டே இருப்பார். திரையில் நான் வந்தேன். உட்கார்ந்து மண்ணைத் தடவினேன்.

"சிப்பாயி மடியில இருந்த காசு உழுந்துடுச்சு. சண்டை கெடக்கட்டும், மொதல்ல காசைத் தேடலாம்னு தேடறாரு பாருங்க" என்றார் கதை சொல்கிறவர்.

கொட்டகையே சிரித்தது. நான் சாய்ந்ததும், "கெடைக்கல, மயக்கம் போட்டுட்டாரு" என்றார். இன்னும் சிரித்தார்கள்.

ஆட்டம் முடிந்ததும் திரைக்குப் பின்னால் போய் அவரைப் பிடித்தேன். "அவன் செத்துப்போறான்யா. காசு ஒண்ணும் தேடல."

"தெரியும். சாவுன்னு சொன்னா பொம்பளைங்க அழுவாங்க, அடுத்த தபா வரமாட்டாங்க. ஜனம் சிரிக்குது. உனுக்கு இன்னா பேஜாரு?"

மறுநாளும் போனேன். அந்த இடம் வந்ததும் எழுந்து நின்று, அது பொய் என்று கத்தினேன். யாரோ ஒருவன் என்னை அடையாளம் கண்டுவிட்டான். "தோ பாரு, காசு தேடறவரே வந்துட்டாரு" என்றான். முந்தின நாளைவிடச் சிரிப்பு ஜாஸ்தி. கொட்டகை ஆட்கள் கையைப் பிடித்து என்னை வெளியே கொண்டுவந்து விட்டார்கள். ஸ்டேஷனிலும் அதே பேச்சுத்தான். பெட்டியை இறக்கிவைக்கக் குனிந்தால் போதும், "இன்னாப்பா, கெடைச்சுதா?" என்பார்கள்.

அதையெல்லாம் பொறுத்துக்கொண்டேன். அந்த வார ஞாயிற்றுக்கிழமை தெருக் கிணற்றடியில் அணைக்கட்டுக்காரன் பெண்சாதி என்னைப் பார்த்ததுமே குடத்தைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தாள்.

"நேத்து எல்லாரும் சேந்து உங்க படத்துக்குப் போனோம்ணா. நீங்க மண்ணைத் தடவற எடம் வந்ததும் தாங்கல. அவுரு போனப்புறம் நான் இப்படிச் சிரிச்சதே இல்லண்ணா."

கூட இருந்த பெண்களும் சிரித்தார்கள். "இங்க ஒரு தபா செஞ்சு காட்டுங்கண்ணா" என்றாள்.

"முட்டி வலிம்மா" என்றேன்.

உண்மையைச் சொல்லியிருக்கலாம் என்று அப்புறம் பல நாள் நினைத்தேன். சொன்னால் அவன் காய்ச்சலில் சாகவில்லை என்பது மட்டுமா தெரியும்? தான் எதைப் பார்த்துச் சிரித்தோம் என்பதும் தெரிந்துவிடும். அதனால் வாயை மூடிக்கொண்டேன். அந்த வாரத்திலேயே அவள் இன்னொரு தடவையும் போய்ப் பார்த்துவிட்டு வந்தாள்.

படம் எடுத்தவர் மேல் எனக்குக் கோபம் இருந்தது. கதை சொன்னவர் மேல் அதைவிட அதிகமாக இருந்தது. கொஞ்ச நாளில் படத்தைக் கொண்டுவந்து காட்டியவர்கள் அதை எடுத்துக்கொண்டு குடியாத்தத்துக்குக் கிளம்பினார்கள். பிலிம் சுருள்கள் இருந்த தகரப் பெட்டியை என் தலையில்தான் தூக்கி வைத்தார்கள். கதை சொன்னவர் பக்கத்திலேயே நடந்து வந்தார்.

"பாத்து, மெதுவா" என்றார். மெதுவாகத்தான் ரயிலில் ஏற்றினேன்.