தடுப்பு மாட்டினால்தான் கை வைப்பேன்

அவள் பிரஸ் மெஷினில் தகடு அடிப்பவள். ஊரில் அவளை வாயாடி என்பார்கள். தொழிற்சாலையில் சேர்ந்த ஆறே மாதத்தில் அந்தப் பெயர் இங்கேயும் எப்படியோ வந்து ஒட்டிக்கொண்டது.

கிராமத்தில் அண்ணன் வீட்டில் ஏழு அறை. புருஷனை விட்டு வந்தவளுக்கு அதில் ஒன்றுகூட இல்லை. விதைமூட்டைகளுக்கும் சுவருக்கும் நடுவே பாய் விரித்துப் படுத்தாள். கிணற்றடிக்குப் போனாலும் எங்கே என்று நாலு பேர் கேட்பார்கள். ஐந்து வருஷம் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்துவிட்டு, ஒரு காலையில் அண்ணியிடம் மட்டும் சொல்லிக்கொண்டு பஸ் ஏறினாள்.

நகரத்தில் யாரும் எதுவும் கேட்கவில்லை. புகைபோக்கிகளுக்குப் பின்னால் வரிசை வீடுகள். கை நீட்டினால் எதிர்ச்சுவர். ஆனால் சாவி அவளுடையது. முதல் வாரம் காரணமே இல்லாமல் கதவைப் பூட்டிப் பூட்டித் திறந்தாள். அடுத்த அறைக்காரி மூன்று நாள் காய்ச்சலில் கிடந்தது ஒருவருக்கும் தெரியவில்லை என்றபோதுதான், கேட்க ஆளில்லாததும் கொடுமை என்று உறைத்தது. அன்றிலிருந்து வேலைக்குப் போகும்போது எல்லாக் கதவையும் தட்டிவிட்டுத்தான் போவாள். சிலர் திட்டினார்கள். அவள் நிறுத்தவில்லை.

அப்புறம் சூப்பர்வைசர், வேலை வேகமாக நடக்கட்டும் என்று மெஷின்களின் கைத்தடுப்பைக் கழற்றச் சொன்னார். இரண்டாம் நாளே ஒருத்திக்கு இரண்டு விரல் போயிற்று. தரையைக் கழுவிவிட்டு அதே மெஷினில் இவளை உட்காரச் சொன்னார்கள். தடுப்பை மாட்டினால்தான் கை வைப்பேன் என்றாள். அப்படியானால் வெளியே போ என்றார். போனாள், வீட்டுக்கு அல்ல, கேட்டுக்கு எதிரே போய் வெயிலில் உட்கார்ந்தாள்.

முதல் நாள் தனி ஆள். மறுநாள் காய்ச்சல்காரி வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். மூன்றாம் நாள் அதே தொழிற்சாலையில் வேலை செய்யும் வரிசை வீட்டுப் பெண்கள் பதினொரு பேர்.

செய்தி எட்டி அண்ணன் வந்துவிட்டார். குடும்ப மானம் தெருவில் கிடக்கிறது, கிளம்பு என்றார். "இங்க உனக்குன்னு யாரு இருக்கா?"

"அங்க எல்லாரும் இருந்தீங்கண்ணே. ஒருத்தர்கூட ஒரு நாள் எம்பக்கத்துல உட்காரல."

அண்ணன் கையிலிருந்த குடையை அவளருகே வைத்துவிட்டு பஸ்ஸுக்கு நடந்தார்.

மெஷின்களில் உட்கார ஆளில்லாமல் போக, ஐந்தாம் நாள் கேட் திறந்தது. தடுப்புகள் மாட்டியாயிற்று, வந்து உட்காருங்கள் என்றார் சூப்பர்வைசர். அவள் உட்காரவில்லை. பதினாலு மெஷினின் தடுப்பையும் ஒவ்வொன்றாக இழுத்துப் பார்த்தாள். ஒன்பதாவதில் தடுப்பு ஆடியது.

"போதுமா?" என்றார் அவர், பல்லைக் கடித்தபடி.

"ஃபிட்டரைக் கூப்பிடுங்க."

ஃபிட்டர் வந்து முடுக்கும்வரை ஒருத்தியும் சுவிட்சைத் தொடவில்லை. விரல் போனவளுக்குத் தொழிற்சாலை ஸ்டோரில் வேலை வாங்கிக் கொடுத்தது, அதற்கடுத்த மாதம் இவள் போட்ட இன்னொரு சண்டை.