தையல்கார அக்காவின் வீடியோ

அந்த வீடியோ நாற்பது விநாடிதான் ஓடும். தெருக்குழாயில் பிடித்த தண்ணீரைக் கண்ணாடி டம்ளரில் ஊற்றி, வெயிலுக்கு எதிரே தூக்கிப் பிடித்திருந்தது ஒரு கை. விரல் நுனியில் ஊசி குத்திய கறுப்புப் புள்ளிகள். தண்ணீர் பழுப்பாக இருந்தது. "பாத்துக்கோங்க, இதான் எங்க ஊரு தண்ணி. மூக்காண்ட கொண்டுபோனா கக்கூஸ் நாத்தம். ஆறு ஊட்ல மஞ்சக்காமால கீது" என்றது குரல்.

எங்கள் குடியிருப்பின் வாசலுக்கு எதிரே கடை வைத்திருந்த தையல்கார அக்காவின் குரல் அது. ஆவடியைத் தாண்டி, வயலாக இருந்த இடத்தில் எழும்பிய அடுக்குமாடி எங்களுடையது. அக்கா பக்கத்துப் பழைய ஊர்க்காரர். தைத்த ரவிக்கைகளின் படங்களைப் போடட்டும் என்று எங்கள் வாட்ஸப் குழுவில் அவரைச் சேர்த்தவன் நான். குழுவின் அட்மினும் நான்தான்.

அளவெடுக்கும் நோட்டின் பின்பக்கத்தில், காமாலை கண்டவர்களின் பெயர்களை வீடு வீடாகப் போய் எழுதினார் அக்கா. குழாய் போகும் வழியெல்லாம் செல்போனோடு நடந்தார். எங்கள் கழிவுநீர்த் தொட்டி நிரம்பிக் கால்வாயில் வழிந்தது. அந்தக் கால்வாய்க்குள் கிடந்த ஊர்க் குடிநீர்க் குழாயின் இணைப்பு விட்டுப்போய், கழிவு அதற்குள் இறங்கிக்கொண்டிருந்தது. இரண்டாவது வீடியோவில் எங்கள் மதில்சுவர் தெளிவாகத் தெரிந்தது.

எங்கள் குடியிருப்போர் சங்கச் செயலாளர் உடனே போனில் கூப்பிட்டார். "ரெண்டு ஃபிளாட்டு விலை பேசிட்டிருக்காங்க சார். அதத் தூக்குங்க." அலுவலகப் பேருந்தில் உட்கார்ந்தபடியே இரண்டு வீடியோக்களையும் அழித்தேன். அக்காவையும் குழுவிலிருந்து நீக்கினேன். பூந்தமல்லி வருவதற்குள் முடிந்துவிட்டது. நாங்கள் குடித்தது கேன் தண்ணீர்.

மறுநாள் வாசலில் அக்கா மறித்தார். "இன்னா சார், என்னியத் தூக்கிட்டீங்க?"

"ரூல்ஸ் அக்கா."

"பரவால்ல. அந்தத் தொட்டிய மட்டும் காலி பண்ணச் சொல்லுங்க சார். எம்பொண்ணு பிரசவத்துக்கு வந்துகீறா."

தலையாட்டினேன். யாரிடமும் சொல்லவில்லை. அக்கா மட்டும் மனுவோடு அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்கினார். ஒவ்வோர் இடத்திலும் அவருடைய நோட்டைப் புரட்டிப் பார்த்துவிட்டு, தண்ணீர்ப் பரிசோதனைச் சான்று இருக்கிறதா என்று கேட்டார்கள்.

மூன்றாவது வாரம் அக்கா மகளின் கண்கள் மஞ்சளாயின. நிறைமாதக்காரிக்கு இந்தக் காமாலை எவ்வளவு ஆபத்தானது என்பதைப் பிறகுதான் படித்தேன். ஆஸ்பத்திரியில் நான்காம் நாள் தாயும் வயிற்றுப் பிள்ளையும் போய்விட்டார்கள். அதற்கப்புறம் தொலைக்காட்சிக்காரர்கள் வந்தார்கள், அதிகாரிகள் வந்தார்கள். தொட்டியைக் காலிசெய்து குழாயை மாற்ற ஒரு பிற்பகல் போதுமானதாக இருந்தது.

இப்போது அந்த ஊரில் தெளிந்த தண்ணீர் வருகிறது. கடை திறப்பதில்லை. அக்கா எதையும் படம் எடுப்பதுமில்லை. போன மாதம், எல்லாவற்றையும் சொல்லி மன்னிப்புக் கேட்டுவிடுவது என்று அவர் வீட்டுக்குப் போனேன். நான் வாயைத் திறக்குமுன் அவரே பேசினார்.

"காச்சிக் குடிங்க, காச்சிக் குடிங்கன்னு ஊரெல்லாம் சொல்லிகினு திரிஞ்சேன் சார். அவுளுக்கும் காச்சித்தான் குடுத்தேன். பல்லு வெளக்குற தண்ணியக் காச்சல. அது தோணல எனுக்கு. எம்பொண்ண நானே கொன்னுட்டேன்."

இல்லை அக்கா, நான்தான் என்று அப்போது சொல்லியிருக்க வேண்டும்.

"அழாதீங்க அக்கா" என்று மட்டும் சொல்லிவிட்டு எழுந்து வந்தேன்.