மூன்று கோதைகளும் என் வீட்டுக்காரரின் கத்தரிக்கோலும்

ஜாக்கெட் தைக்கிறவள் மனசறிந்து பொய் சொல்ல மாட்டாள். "நாளைக்கு வாங்க, ரெடியா இருக்கும்" என்பதை மட்டும் யாரும் பொய்யில் சேர்க்கக் கூடாது. தைக்கக் கொடுத்துவிட்டு நடையாய் நடந்த அக்கா தங்கச்சிமாரே, தைத்துக் கொடுத்துவிட்டு ஏச்சு வாங்கின என் கூட்டாளிகளே, உங்களுக்கு இதை நான் விளக்க வேண்டியதில்லை.

ராஜபாளையத்தில் எங்கள் வீட்டு முன்னறைதான் என் கடை. பையன் பட்டாளத்தில் இருக்கிறான். பொண்ணைக் கோயம்புத்தூரில் கட்டிக்கொடுத்திருக்கிறோம். வீட்டில் நானும், நூல் மில்லில் வேலை பார்த்து ஓய்வு வாங்கின என் வீட்டுக்காரரும்தான். நான் படித்தது எட்டாவது. ஆனால் என்னிடம் தைக்க வருகிறவர்கள் லேசுப்பட்டவர்கள் இல்லை. டி.வி.யில் செய்தி வாசிக்கிற கோதை, ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டில் வக்கீல் கோதை, தாசில்தார் கோதை. மூணு பேருக்கும் ஒரே பேர். ஆண்டாள் கோயில் கோபுரம் கண்ணுக்குத் தெரிகிற தூரத்தில் பெண் பிறந்தால் வேறென்ன பேர் வைப்பார்கள்?

மூணு பேரில் என் மனசைப் போட்டு அரித்தவள் வக்கீல் கோதை. அவளுக்கு ஜட்ஜ் ஆக வேண்டும். எழுத்துப் பரீட்சையெல்லாம் ஒவ்வொரு தடவையும் நன்றாக எழுதிவிடுவாள். சென்னையில் இன்டர்வியூவுக்குப் போய் நாலு பெரியவர்கள் முன்னால் உட்கார்ந்ததும் நாக்கு மேலண்ணத்தில் ஒட்டிக்கொள்ளும். தெரிந்த பதிலும் வாயில் வராது. இதற்கு மேல் எழுத வயசு இடம் கொடுக்காது. இந்தத் தடவை விட்டால் அதோடு சரி. மாமியார் வேறு, "அதான் வக்கீலா இருக்கியே, ஒரு குடும்பத்துக்கு ஒரு கறுப்புக் கோட்டு போதாதா?" என்று கேட்டுக்கொண்டிருந்தார்.

எந்தக் கோதை?

எனக்கு ஒரு பழக்கம் உண்டு. துணியில் கத்தரி வைக்குமுன் அந்தத் துணிக்காரிக்காக ஒரு சின்ன ஜெபம் பண்ணுவேன். "ஆண்டவரே, இதை உடுத்துகிற பிள்ளை சந்தோஷமா உடுத்தணும்" என்று. வக்கீல் கோதை முந்தின தடவை இன்டர்வியூவுக்குப் போனபோது அவளுக்காக உருக்கமாகவே கேட்டேன். "கோதைக்கு ஒரு நல்ல வழியைத் திறந்துவிடும் கர்த்தாவே" என்று கண்ணீரோடு கேட்டேன்.

அந்த வாரமே வழி திறந்தது. லோக்கல் கேபிளில் செய்தி வாசித்துக்கொண்டிருந்த இன்னொரு கோதைக்குச் சென்னையில் பெரிய சேனலில் வேலை கிடைத்தது. வக்கீல் கோதை வெறுங்கையோடு திரும்பி வந்தாள். நான் ஜெபம் பண்ணின கதையைச் சொன்னதும், அவ்வளவு வருத்தத்திலும் சிரித்துவிட்டாள்.

"அக்கா, அடுத்த தடவை அவர்ட்ட முழு அட்ரஸும் சொல்லிருங்க, தாலுகா ஜில்லாவோட."

முன்பக்கம் மட்டும்

டி.வி. கோதை மாசத்துக்கொரு தடவை ராஜபாளையத்துக்கு அம்மா வீட்டுக்கு வருவாள். போகும்போது ஒரு பெட்டி நிறைய ஜாக்கெட். முதல் தடவை அவள் கேட்டது எனக்குப் புரியவே இல்லை. முன்பக்கமும் கையும் நல்ல துணியில் வேண்டுமாம். முதுகுக்குப் பழைய வாயில் சேலைத் துணி, பருத்தி, எதுவானாலும் சரியாம். ஸ்டுடியோவில் விளக்குச் சூடு தாங்காது, பட்டு முதுகில் ஒட்டிக்கொள்ளும், அதுவும் போக முதுகைப் பார்க்கிறது யார் என்றாள். என்னிடம் கிடந்த மிச்சத் துணிகளுக்கெல்லாம் மோட்சம் வந்தது. உலகச் செய்திகளை வாசிக்கிற பிள்ளையின் முதுகில் ஒரு நாள் மாம்பழம், ஒரு நாள் ஒட்டகம், ஒரு நாள் பச்சைக் கிளி.

அவள் செய்தி வாசிக்கும்போது நான் தவறாமல் பார்ப்பேன். ஒரு நாள் எங்கோ வெள்ளம் என்று அவள் சொல்லிக்கொண்டிருக்க, நான் "ஐயோ!" என்று நெஞ்சில் கை வைத்துவிட்டேன். வெள்ளத்துக்கு இல்லை. இடது கையில் ஒரு சுருக்கம், தோள் இறங்கிக் கிடந்தது. உடனே போன் போட்டுச் சொன்னேன். அவள் சொன்னது:

"அத்தை, நான் வாசிச்சதுல ரெண்டு தப்பு, அதை ஊர்ல யாருமே கேக்கல, நீங்க கை சுருக்கத்தைப் பாத்துட்டீங்களே!"

யார் ஒண்ணாம் நம்பர்?

ஒரே பேரில் மூணு அளவு ஜாக்கெட் கடையில் கிடந்தால் என்ன ஆகும்? என் பொண்ணு போனில் யோசனை சொன்னாள்: "கோதை ஒண்ணு, கோதை ரெண்டு, கோதை மூணுன்னு எழுதிப் பின் குத்தும்மா." எழுதினேன். தாசில்தார் அம்மாவின் டிரைவர் வந்து எட்டிப் பார்த்துவிட்டு முகத்தைச் சுளித்தார். "எங்க மேடம் மூணாவதா?" என்றார். அம்புட்டுதான், கிழித்துப் போட்டேன்.

அப்புறம்தான் நூல் முறைக்கு வந்தேன். தைத்து முடித்ததும் கொக்கியில் ஒரு நூலைக் கட்டித் தொங்கவிடுவேன். வக்கீலுக்குக் கறுப்பு. டி.வி.க்குச் சிவப்பு. தாசில்தார் பச்சை மையில் கையெழுத்துப் போடுகிறவர், அதனால் பச்சை. டிரைவர் அதைப் பார்த்ததும் முகம் மலர்ந்தார்.

"பாத்தீங்களா, இதுதான் மரியாதை. எங்க மேடத்துக்கு மட்டும்தான் பச்சை."

கொடிக்கயிறு

தாசில்தார் கோதை நல்ல மனுஷி, ஆனால் உட்கார நேரமில்லாதவர். காலையில் சுந்தரபாண்டியத்தில் வயல் அளந்தால் மத்தியானம் செண்பகத்தோப்புப் பக்கம் ஆனை மிதித்த தோட்டத்தைப் பார்க்கப் போவார். அளவு கொடுக்க ஆள் வராது, பழைய ஜாக்கெட்தான் வரும். அந்தப் பழைய ஜாக்கெட் அவர் மெலிவாக இருந்த காலத்தது என்று யார் கண்டது?

சுதந்திர தினத்தன்று கொடியேற்றக் கையைத் தூக்கிக் கயிற்றை இழுத்திருக்கிறார். கொடி விரிந்தது, பூ கொட்டியது, கூடவே அக்குள் தையலும் விட்டுப்போச்சு. சல்யூட் அடிக்கக் கையைத் தூக்க முடியவில்லை. முந்தானையை இழுத்து மூடிக்கொண்டே விழாவை முடித்துவிட்டு, ஜீப்பில் நேராக என் வாசலுக்கு வந்துவிட்டார். நான் பயந்தே போனேன். அவர் மோர் வாங்கிக் குடித்துவிட்டு அமைதியாகச் சொன்னார்:

"அக்குளைக் கொஞ்சம் தாராளமா விடுங்கம்மா, நான் எட்டிப் பிடிக்க வேண்டியது நிறைய இருக்கு."

பிசிறு

இந்தத் தடவையும் வக்கீல் கோதை எழுத்துப் பரீட்சையில் தேறிவிட்டாள். சித்திரை வெயிலில் இன்டர்வியூ. வெள்ளைச் சேலை, கறுப்புக் கோட்டு, அதற்கு ஒரு புது வெள்ளை ஜாக்கெட், காலர் கழுத்து வைத்து. "நீங்க தச்சதைப் போட்டுட்டுப் போனா தைரியமா இருக்கும்" என்றாள். ஜெபத்தில் இந்தத் தடவை தெரு, ஊர், கோர்ட்டு, மாமியார் பேர் எல்லாம் சொல்லித்தான் துணியில் கத்தரி வைத்தேன். அதே வாரம் டி.வி. கோதைக்கும் ஏதோ விசேஷ நிகழ்ச்சி. அவளும் வெள்ளைதான் கேட்டிருந்தாள், அதுவும் காலர் வைத்து. அளவிலும் ரெண்டு பேரும் அக்கா தங்கச்சி மாதிரி. கொக்கி மாட்டி, முன்பக்கம் தெரிய மடித்து வைத்தால் எது எது என்று தைத்த எனக்கே தெரியாது. அதனால் என்ன, அதுதான் கறுப்பு நூலும் சிவப்பு நூலும் தொங்குகிறதே.

அன்றைக்குப் புதன்கிழமை, பெண்கள் ஜெபக்கூட்டம். வீட்டுக்காரரைக் கடையில் உட்காரவைத்து, "கறுப்பு நூல் வக்கீலம்மாவுக்கு" என்று சொல்லிவிட்டுத்தான் போனேன். அவருக்குக் காதில் விழவில்லை. ஆயுசு முழுக்க மில்லில் நூல் பார்த்தவர். துணியில் ஒரு பிசிறு தொங்கினால் அவருக்குச் சோறு இறங்காது. நான் அந்தப் பக்கம் போனதும் கத்தரிக்கோலை எடுத்து, தொங்கின நூலையெல்லாம் ஒட்ட வெட்டிவிட்டார். செத்த நேரத்தில் வக்கீல் கோதை மெட்ராஸ் ரயிலுக்குப் போகிற அவசரத்தில் ஆட்டோவை நிறுத்தி ஓடி வந்திருக்கிறாள். இவர் கைக்கு வந்த வெள்ளையைக் கவரில் போட்டுக் கொடுத்து, வாழ்த்தும் சொல்லி அனுப்பியிருக்கிறார். நான் திரும்பி வந்தபோது பெருமையாகச் சொன்னார்:

"ஏட்டி, இப்படியா பிசிறு வெட்டாமக் குடுப்ப? ஒண்ணு விடாம வெட்டிட்டேன், பாரு எம்புட்டு சுத்தமா இருக்கு!"

மெட்ராஸிலிருந்து போன்

ராத்திரியே மிச்சமிருந்த ஜாக்கெட்டை விரித்துப் பார்த்திருக்க வேண்டும், மனசு துணியவில்லை. விடிந்ததும் வக்கீல் கோதையிடமிருந்து போன் வந்தது. ரயில் லேட். சிநேகிதி வீட்டில் குளித்துவிட்டு உடனே கிளம்ப வேண்டும், எந்தக் கடையும் திறக்கவில்லை. சிநேகிதி இவளில் பாதி இருப்பாள், அவள் ஜாக்கெட்டும் ஆகாது. "அக்கா, முன்னாடி வெள்ளையா இருக்கு. முதுகு முழுக்கக் கிளி பறக்குது அக்கா!"

யோசிக்குமுன் எனக்கு வாயில் வந்துவிட்டது: "கோட்டு இருக்குல்லா தாயி? கோட்டைப் போட்டா முன்பக்கம்தான் தெரியும். கழட்டாம இரு. யாரு சொன்னாலும் கழட்டாத." போனை வைத்துவிட்டு முழங்காலில் நின்றேன். பாதி ஜெபத்தில் டி.வி. கோதையின் அம்மா வந்து, தன் மகள் ஜாக்கெட் என்று எடுத்து விரித்தார். முன்னும் பின்னும் வெள்ளை வெளேர் என்று இருந்தது. வீட்டில் தெலுங்கு பேசுகிறவர். எரிச்சல் வந்தால் அதில்தான் தொடங்குவார்.

"ஏமம்மா, யாரும் பாக்காத முதுகுக்கு எதுக்கு இம்புட்டு நல்ல துணி? வீணாப் போச்சே!"

கோட்டுக்குள்ளே

அன்று முழுவதும் நான் ஒரு தையலும் நேராகப் போடவில்லை. சாயங்காலம் வக்கீல் கோதையே கூப்பிட்டாள். காத்திருக்கிற கூடத்தில் ஃபேன் சரியில்லையாம். எல்லாரும் கோட்டைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு விசிறிக்கொண்டிருக்க, இவள் ஒருத்தி மட்டும் வேர்த்து ஒழுகிக்கொண்டு சுவரில் முதுகைச் சாய்த்து உட்கார்ந்திருக்கிறாள். பக்கத்துப் பெண், "கழட்டுங்க சிஸ்டர், மயக்கம் போட்டுருவீங்க" என்றாளாம். "எனக்குக் குளிருது" என்றாளாம் இவள், சித்திரை மாசத்தில்.

உள்ளே போனதும் பெரியவர்களில் ஒருவர் இரக்கப்பட்டு, "கோட்டைக் கழட்டிட்டு வசதியா உக்காரும்மா" என்றாராம். "இருக்கட்டும் சார், இதோட இருந்தாத்தான் எனக்குப் பேச்சு வரும்" என்றாளாம். அப்புறம் கேள்விமேல் கேள்வி. எல்லாவற்றுக்கும் பதில் சொல்லிவிட்டாள். நாக்கு ஒட்டவில்லையா என்று கேட்டேன்.

"ஒட்டுறதுக்கு நேரம் எங்க அக்கா? என் பயம் பூராவும் முதுகுல இருந்துச்சு, வாய் சும்மாதான இருந்துச்சு!"

வழி தவறிய சால்வை

முடிவு வந்தது. கோதை ஜட்ஜ் ஆகிவிட்டாள். ஊர் முழுக்க "நம்ம கோதை ஜட்ஜ் ஆயிட்டாளாம்" என்று பேச்சு. எந்தக் கோதை என்று கேட்கத்தான் ஒருவருக்கும் பொறுமையில்லை. டி.வி. கோதையின் அம்மாவுக்குச் செட்டியார்பட்டியிலிருந்து சொந்தக்காரர்கள் பழத்தட்டோடு வந்துவிட்டார்கள். தாசில்தார் கோதைக்கு ஆபீஸ் வாசலிலேயே யாரோ சால்வை போர்த்திப் போட்டோ எடுத்துவிட்டார்கள். அவர் அந்தச் சால்வையைக் கையோடு மடித்து எடுத்துக்கொண்டு என் கடைக்கு வந்தார்.

"கழுத்துல போட்ட பொறவு அந்தக் கோதை நான் இல்லைன்னு சொன்னா அவர் சங்கடப்படுவார்னு வாங்கிக்கிட்டேன். உரியவங்ககிட்டச் சேத்துருங்கம்மா, இங்கதான் எல்லாக் கோதையும் வாராங்க."

புது ஆர்டர்

சால்வை வாங்க ஜட்ஜ் கோதையே வந்தாள். கூடவே மாமியாரும். என் வீட்டுக்காரர் எழுந்து நின்று, அவள் தோளில் ஒரு நூல் தொங்குவதைப் பார்த்துவிட்டு, கை துறுதுறுக்க அப்படியே நின்றார். நான் முறைத்ததும் உட்கார்ந்தார். கிளி ஜாக்கெட்டைத் திருப்பிக் கொடுக்கக் கேட்டேன், டி.வி. கோதை அதை ஜட்ஜம்மாவே வைத்துக்கொள்ளட்டும் என்று சொல்லிவிட்டாளாம். வேலையில் சேருவதற்கு வெள்ளை ஜாக்கெட்டுக்குத் துணி கொண்டுவந்திருந்தாள். அளவெல்லாம் பழையதுதான். மாமியார் வாசலில் செருப்பு மாட்டப் போன நேரம் பார்த்து என் காதருகே குனிந்தாள்.

"அக்கா, எல்லாத்துக்கும் முதுகுல கிளியே வச்சிருங்க, கோட்டு மேல இருக்கு, யாருக்குத் தெரியப் போவுது?"

இவ்வளவும் நடந்த பிறகும் கத்தரிக்கோலை என் வீட்டுக்காரர் கைக்கு எட்டாத உயரத்தில்தான் வைத்திருக்கிறேன், ஏனென்றால் கர்த்தர் ஒரு தடவை அவர் கையால் செய்துகொடுத்ததை ஒவ்வொரு புதன்கிழமையும் செய்யச் சொல்லி எதிர்பார்ப்பது நன்றாகவா இருக்கும்?