நான் எடுத்துக் கொடுத்த வசனம்

மேசை லாச்சியை இழுத்தால் உள்ளே ஒரு பழைய போன் கிடக்கிறது. கண்ணாடி வெடித்துவிட்டது, பற்றரியும் நிற்காது. வயரைச் செருகினால்தான் உயிர் வரும். பழசு எதையும் எறியச் சொல்லும் என் மனைவி, இதை மட்டும் எறியச் சொல்வதில்லை. அதற்குள் என்ன இருக்கிறதென்று அவளுக்கும் தெரியும்.

லண்டனில் மிச்சம் என்ற பகுதியில், எங்கள் வீட்டு மேல் அறையில் ஒன்பது வருடம் குடியிருந்தவர் ஒரு ஜோர்ஜிய நடிகர். தன் நாட்டில் தபால்காரர், பாதிரியார், மணப்பெண்ணின் தகப்பன் என்று சின்னச் சின்ன வேடங்களிலேயே இருபது வருடம் நடித்தவர். மற்றவர்கள் பெயரெடுக்கத் திரைக்கதைகளும் எழுதியவர். லண்டனில் கிடைத்ததெல்லாம் ரஷ்ய அடியாள் வேடம்தான். ரஷ்யக் குண்டுகளுக்குத் தப்பி வந்த மனிதருக்கு ரஷ்யன் வேடம். போருக்குத் தப்பி வந்த எங்களுக்கு அந்த வலியைச் சொல்லித் தெரியவேண்டியதில்லை. துப்பாக்கியோடு வருவார், இரண்டு வசனம் பேசுவார், சூடுபட்டு விழுவார். "அண்ணை, இந்த முறை எத்தினையாவது நிமிசத்திலை சாகிறியள்?" என்று மனைவி கேட்பதை நான் ஆங்கிலத்தில் சொன்னதும், சிரித்தபடி விரல்களை விரித்துக் காட்டுவார். ஐந்து விரலுக்கு மேல் காட்டியதாக ஞாபகம் இல்லை.

வேடம் கேட்பவர்கள் வீட்டிலேயே நடித்து, போனில் படம்பிடித்து அனுப்புவதுதான் இப்போதைய வழக்கம். போனைப் பிடிப்பதும் எதிராளியின் வசனத்தை வாசிப்பதும் என் வேலை. தமிழ்ப் பள்ளிக்கூட ஆண்டுவிழா நாடகங்களுக்குத் திரைக்குப் பின்னால் நின்று வசனம் எடுத்துக் கொடுத்த ஆள் நான். எனக்குத் தெரியாததா என்றொரு திமிர் இருந்தது.

அறுபத்தெட்டு வயதில் அவர் எழுதிய கதை ஒன்றை ஒரு கம்பனி எடுக்க முன்வந்தது. இருபது வருடம் பிரிந்திருந்த மகளைக் காண விமானநிலையத்துக்கு வரும் ஜோர்ஜியத் தகப்பனின் கதை. அந்தத் தகப்பனைத் தனக்காகவே எழுதியிருந்தார். சாகாத வேடம். ஆனால் அவர்கள், நீங்களும் நடித்து அனுப்புங்கள், பார்ப்போம் என்றார்கள். தான் பெற்ற பிள்ளையைப் பார்க்கத் தானே வரிசையில் நிற்பதா என்று எனக்குக் கோபம் கோபமாக வந்தது. அவர் முகம் மழித்துக்கொண்டு வந்து சுவரோரம் நின்றார்.

நீங்கள் ஏன் வரவேயில்லை என்று மகள் கேட்கும் இடத்தை வாசித்தேன். அவர் பதில் சொல்லவில்லை. என்னைப் பார்த்தபடியே நின்றார். தாளில் அடுத்த வரியாக அவருடைய வசனம்தான் இருந்தது. வாசலில் நின்ற மனைவி, "அண்ணை மறந்திட்டார் போலை, எடுத்துக் குடுங்கோ" என்று குசுகுசுத்தாள். வசனம் மறந்து நிற்கும் ஒருவரைப் பார்த்துக்கொண்டு சும்மா இருக்க எனக்கு ஏலாது. மெல்ல எடுத்துக் கொடுத்தேன்.

அவர் மறக்கவில்லை. அந்த மௌனம்தான் நடிப்பு. பரவாயில்லை, இன்னொருதரம் எடுப்போம் என்று என் தோளைத் தட்டினார். நாலு தரம் எடுத்தோம். அந்த முகம் திரும்ப வரவில்லை. கடைசியாக எடுத்ததை அனுப்பினார்.

தகப்பன் வேடம் பெயர்பெற்ற வேறொருவருக்குப் போனது. இவருக்கு டாக்சி ஓட்டுநர் வேடம், வசனம் இல்லை. படம் வெளிவருமுன்பே இருதயம் நின்று இறந்துபோனார். படம் வந்ததும் நாங்கள் இருவரும் தியேட்டருக்குப் போய்ப் பார்த்தோம். கதவைத் திறந்தார், பெட்டியை வைத்தார், ஒதுங்கினார். "அண்ணை இந்த முறை சாகேல்லை" என்றாள் மனைவி. பிறகு அழத் தொடங்கினாள்.

எப்படியும் வேறொருவருக்குத்தான் கொடுத்திருப்பார்கள் என்று நண்பர்கள் ஆறுதல் சொல்கிறார்கள். இருக்கலாம். ஆனாலும் நான் கெடுத்தது கெடுத்ததுதான்.

அவருடைய நினைவுநாளில் போனுக்கு வயர் கொடுத்து, முதலில் எடுத்த அந்த வீடியோவைப் போடுகிறேன். மனைவியும் பக்கத்தில் வந்து இருக்கிறாள். அவர் நிற்கிறார், பார்க்கிறார், உதடு ஒருமுறை அசைகிறது. என் குரல் வருவதற்கு முன்னால் நிறுத்திவிடுகிறேன்.