நாலு தம்ளர் அக்கானி

போன ஞாயிற்றுக்கிழமை காலையில் சமையலறைக்குள் நுழைந்தவன் அப்படியே நின்றுவிட்டேன். முந்தின நாள் அரைத்து வைத்த இட்லி மாவு, மூடியைத் தள்ளிக்கொண்டு பொங்கி, மேடையெல்லாம் வழிந்து, கீழே கேஸ் சிலிண்டர் வரைக்கும் போயிருந்தது. சித்திரை வெயிலில் நாகர்கோவிலில் இது ஒன்றும் அதிசயம் இல்லை. ஆனால் அந்தப் புளிப்பு மணம் மூக்கில் ஏறியதும் எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. துடைக்கத் துணியோடு வந்த மனைவி, "மாவு போச்சுதேன்னு நான் வயிறெரிஞ்சு நிக்கேன், நீங்க சிரிக்கியளா?" என்றாள். அவள் இருந்த கோபத்தில் அவளிடம் சொல்ல முடியாததை உங்களிடம் சொல்கிறேன்.

பத்துப் பன்னிரண்டு வருடத்துக்கு முன்னால் நாங்கள் ஒரு கூட்டமாகத் திரிந்தோம். கூட்டம் என்றால் நாலே பேர். நான் ஒரு செல்போன் கடையில் உடைந்த கண்ணாடி மாற்றிக்கொண்டிருந்தேன். செல்வினுக்கு நெய்யூரில் ஒரு ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை. கூச்ச சுபாவம், ஊசி குத்துவதற்கு முன் நோயாளியிடம் மன்னிப்புக் கேட்கிற ஆள். மணிகண்டனுடைய அப்பாவுக்கு வடசேரியில் வாழைக்குலை மொத்த வியாபாரம். நாலாவது மணியின் தங்கை புவனா. கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தாள். எங்கள் மூன்று பேருக்கும் சேர்த்து மூளை என்று ஒன்று இருந்தது என்றால் அது அவளிடம்தான் இருந்தது.

மணி அப்பாவின் கடைக்கு மேலே தகரக் கூரை போட்ட ஓர் அறை. கீழே மட்டியும் செந்துளுவனும் ஏத்தனும் குலைகுலையாகப் பழுத்துக்கொண்டிருக்கும். அந்த மணம் படியேறி வந்து எங்கள் சட்டையில் ஒட்டிக்கொள்ளும். திங்கட்கிழமை செல்போன் கடை முதலாளி என்னை மோந்து பார்த்து, "ஏத்தம்பழம் தின்னியா?" என்று கேட்பார். அந்த அறைக்குத்தான் மணியின் சித்தப்பா துபாயிலிருந்து வந்தபோது ஒரு வீடியோ கேம் பெட்டியைக் கொண்டு வந்து இறக்கினார். நாலு கண்ட்ரோலர். டிவித் திரை நாலு துண்டாகப் பிரியும். ஆளுக்கொரு குட்டிக் கார். மலை, குகை, கடைசியில் ஆற்றுக்கு மேலே கைப்பிடி இல்லாத ஒரு மரப்பாலம். அந்தப் பாலத்தில் நான் விழுந்த தடவைகளைக் கூட்டினால் உண்மையான ஆறே நிரம்பியிருக்கும்.

இதைக் குடி விளையாட்டாக மாற்றியது மணி. எங்கோ இணையத்தில் பார்த்தானாம். ஞாயிறு மத்தியானம் பீர் வாங்கி வைத்து, சுவரில் கரித்துண்டால் சட்டம் எழுதினான். ஆற்றில் விழுந்தால் ஒரு மடக்கு. கடைசியாக வந்தால் ஒரு தம்ளர். குடிக்கும்போது ஓட்டக் கூடாது, காரை ஓரம் கட்டிவிட்டுத்தான் குடிக்க வேண்டும். புவனா வந்து படித்துப் பார்த்துவிட்டு நாலாவதாக ஒன்றைச் சேர்த்தாள்: தோற்றவனுக்கு ஜெயித்தவன்தான் ஊற்ற வேண்டும், யாரும் தனக்குத்தானே ஊற்றக் கூடாது. "இல்லேன்னா நீங்க மூணு பேரும் கணக்கில்லாம ஊத்துவிய" என்றாள். அவளுக்கு மட்டும் அம்மா போட்டுக் கொடுக்கிற போஞ்சி. எலுமிச்சம்பழம் பிழிந்த சர்க்கரைத் தண்ணீரை எங்கள் பக்கம் அப்படித்தான் சொல்வோம்.

சட்டத்தில் ஒரு பெரிய ஓட்டை இருந்ததை முதல் பந்தயத்திலேயே கண்டுபிடித்தோம். தோற்றவனுக்குத்தானே பீர்? யார் ஜெயிப்பான்? புவனாவின் கார் எப்போதோ போய்ச் சேர்ந்துவிட்டது. எங்கள் மூன்று கார்களும் முடிவுக் கோட்டுக்கு முன்னால் வந்து வரிசையாக நின்றன.

"நீ போ மக்கா."

"இல்லடே, நீ முன்ன வந்த ஆளுல்லா, நீ போ."

"எனக்கு ஒண்ணும் அவசரம் இல்ல கேட்டியா."

கல்யாணப் பந்தியில் கூட நாங்கள் இவ்வளவு மரியாதை காட்டியதில்லை. கால் மணி நேரம் நின்றோம். கடைசியில் புவனா டிவியை அணைத்துவிட்டுப் போனாள். அந்த அறையில் சிரித்ததுபோல் பிறகு எங்கேயும் சிரித்ததில்லை.

இப்படிப் போய்க்கொண்டிருந்தபோது செல்வினுக்குக் கல்யாணம் நிச்சயமானது. பெண் ஷீபா, அவனோடு சபையில் பாட்டுப் பாடுகிறவள். ஒரு வருடமாக அவளிடம் பேச முயன்று, கடைசியில் அவளே பேசி முடித்த விஷயம். அவளுடைய அப்பா தங்கராஜ் சார், ஓய்வு பெற்ற கணக்கு வாத்தியார். சபையில் மதுவிலக்குக் கூட்டம் நடத்துகிறவர். ஞாயிறுகளில் மாப்பிள்ளைக்கு என்ன வேலை என்பது அவர் காதுக்குப் போய்விட்டது. கல்யாணத்துக்கு முன்னால் மூன்று ஞாயிறு ஆராதனையில் பெயர் வாசிப்பார்கள், ஓலை வாசிப்பு என்போம். அதற்கு முன் செல்வினைக் கூப்பிட்டுச் சொன்னாராம்: "ஒரு சொட்டு நாக்குல பட்டுதுன்னு தெரிஞ்சா நானே எழும்பி ஓலைய நிறுத்துவேன், பாத்துக்க."

செல்வின் வேதப்புத்தகத்தில் கை வைத்துச் சம்மதித்தான். அன்றோடு மாடி அறைக்கும் வரவில்லை. நாலு துண்டுத் திரையில் ஒரு துண்டு சும்மா கிடந்தது. பீர் இருந்தும் எங்களுக்கு இறங்கவில்லை. மூன்றாவது ஓலை வாசிக்கப் போகிற வாரம் புவனாதான் வழி சொன்னாள்: "செல்வினண்ணாவக் கூப்பிடுங்க. பீருக்குப் பதிலா அக்கானி வச்சு ஆடுவோம்."

வெளியூர்க்காரர்கள் பதநீர் என்பதுதான் எங்களுக்கு அக்கானி. பனையில் கட்டுகிற கலயத்துக்குள் சுண்ணாம்பு தடவினால் அக்கானி, தடவாவிட்டால் கள். ஒரு விரல் சுண்ணாம்புதான் வித்தியாசம். இது எங்கள் ஊரில் பால்குடி மறக்காத பிள்ளைக்கும் தெரியும். எனக்கும் தெரியும். தெரிந்துதான் அந்த வேலையைச் செய்தேன்.

சனிக்கிழமை சாயங்காலம் வட்டக்கோட்டைப் பக்கம் பைக்கில் போய் ஒரு பனையேறியிடம் சொல்லி வைத்தேன். செல்வினுக்குச் சுண்ணாம்பு கூடினால் நாக்கு பொத்துப்போகும். மூன்று வாரம் கழித்து வருகிறவனுக்கு நல்லதாகக் கொடுக்க வேண்டாமா? "சுண்ணாம்பு ரொம்ப கொஞ்சமாப் போட்டாப் போதும் அண்ணாச்சி" என்றேன்.

அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். "கொஞ்சமாப் போட்டா உச்சைக்கு முன்ன குடிச்சுத் தீத்திரணும் மக்கா."

உச்சிப் பொழுதுக்குள் தீர்ந்துவிடும் என்று தலையை ஆட்டினேன். ஞாயிறு விடிந்ததும் வெள்ளை பிளாஸ்டிக் கேனில் வாங்கி வந்து, மாடி அறையில், தகரக் கூரைக்கு நேர் கீழே வைத்துவிட்டு, மூன்றாவது ஓலையைக் கேட்கக் கோயிலுக்குப் போனேன். ஆட்சேபணை உண்டா என்று போதகர் கேட்டபோது செல்வின் எச்சில் விழுங்கியது பின் வரிசைக்கே தெரிந்தது. யாரும் எழும்பவில்லை. வெளியே வந்து அவனைத் தூக்கிச் சுற்றினோம். அப்படியே ஆளுக்கொரு பிரியாணி. அறைக்கு வந்து சேர்ந்தபோது மணி மூன்று.

கேனைத் திறந்ததும் புஸ்ஸென்று நுரை பொங்கி என் சட்டையெல்லாம் தெறித்தது. "பாத்தியா, என்ன ஃப்ரெஷ்" என்றேன். இந்த வாக்கியத்தை என் கல்லறையில் எழுதலாம்.

மூன்று வாரம் கை விட்டுப் போனதில் செல்வின் ஆற்றில் விழுந்துகொண்டே இருந்தான். நாலு பந்தயம், நாலிலும் கடைசி. ஜெயித்த புவனா நாலு தம்ளர் ஊற்றினாள், அவன் சட்டத்துக்குக் கட்டுப்பட்டு மடமடவென்று குடித்தான். "கொள்ளாம் மக்கா, சுண்ணாம்பே இல்ல" என்று என்னைப் பாராட்டினான். ஐந்தாவது பந்தயத்தில் கூச்ச சுபாவக்காரன் எழுந்து நின்று, சபையில் பாடுகிற தடித்த கீழ்க்குரலில் ஒரு கீர்த்தனை எடுத்தான். பாடிக்கொண்டே காரைப் பின்னோக்கி ஓட்டினான். மணியும் நானும் கைதட்டினோம். ஜெயித்துக்கொண்டே இருந்ததால் அதுவரை ஒரு வாய்கூடக் குடிக்காத புவனா, சந்தேகப்பட்டு ஒரு சொட்டை நாக்கில் வைத்தாள்.

"அண்ணா, இது புளிச்சாச்சு. இது கள்ளு."

பாட்டு நின்றது. செல்வின் தம்ளரைப் பார்த்தான், என்னைப் பார்த்தான். "நான் குடிச்சிட்டேனா மக்கா?" என்று கேட்டான்.

அதே நேரம் கீழே மணியின் அப்பா குரல்: "வாருங்க சார். மாப்பிள மேலதான் இருக்காரு." கல்யாணத்துக்கு ஏத்தங்காயும் இலையும் சொல்ல தங்கராஜ் சார் வந்திருந்தார். தப்பித்து ஓட அந்த அறைக்கு ஒரே படி, அதில் அவர் ஏறி வந்துகொண்டிருந்தார். மணி கேனை முதுகுக்குப் பின்னால் மறைத்தான். ஏழு லிட்டர் கேன்.

சார் டிவியைப் பார்த்தார், சுவரில் எழுதிய சட்டத்தைப் படித்தார், தம்ளர்களைப் பார்த்தார். "என்ன குடி நடக்கு?"

"அக்கானி சார்" என்றாள் புவனா. பொய் என்று சொல்ல முடியாது. அதோடு விட்டிருக்கலாம். நான் செல்வினின் காலை மிதித்தேன். அவன் கேட்கவில்லை.

"அக்கானின்னுதான் குடிச்சேன் மாமா. புளிச்சது தெரியல. நாலு தம்ளர் குடிச்சிட்டேன். கல்யாணத்த நிறுத்தணும்னா நிறுத்துங்க. ஷீபாகிட்ட நானே சொல்லுகேன்."

கீழே யாரோ குலையை இறக்கிப் போடுகிற சத்தம் கேட்டது. சார் மணியிடமிருந்து கேனை வாங்கி மோந்து பார்த்தார். "சுண்ணாம்பு கொஞ்சமாப் போடச் சொன்னது யாரு?"

கையைத் தூக்கினேன், வகுப்பில் தூக்குவதுபோல.

"எப்ப எறக்குனது?"

"காலைல சார்."

"வாங்கிட்டு வந்து தகரத்துக்கு அடியில வேற வச்சிருக்க." அவர் கேனை வெளியே கொண்டுபோய்க் கவிழ்த்துவிட்டு வந்தார். செல்வின் பக்கம் திரும்பினார். "நாலும் நீயே குடிக்கணும்னு என்ன?"

"தோத்தவன் குடிக்கணும். அதான் சட்டம் மாமா."

"நாலு வட்டமும் தோத்தியா?"

"ஆமா."

சாருக்கு மீசைக்குள் ஏதோ நடந்தது. "கல்யாணம் நிக்காது" என்றார். "ஆனா இனி இவன்கிட்ட அக்கானி வாங்கச் சொல்லாதீங்க."

சந்தோஷத்தில் மணி ஊளையிட்டான். அதோடு சார் போய்விடுவார் என்று நினைத்தோம். அவர் வேட்டியை மடித்துக் கட்டி என் பக்கத்தில் உட்கார்ந்து, என் கண்ட்ரோலரை வாங்கிக்கொண்டார். பச்சைக் கார்தான் வேண்டும் என்றார். மணியின் அம்மா ஒரு குடம் போஞ்சி கலக்கி அனுப்பினாள். முதல் பந்தயத்தில் சார் பாலத்துக்கே வந்து சேரவில்லை. இரண்டாவதில் ஆற்றிலேயே குடியிருந்தார். மூன்றாவது, நாலாவது, எல்லாவற்றிலும் கடைசி. நாலு தம்ளர் போஞ்சி குடித்து, "மருமவனும் நானும் கணக்கு சரியாச்சு" என்றார். ஐந்தாவதில் மணியும் புவனாவும் போய்ச் சேர்ந்த பிறகு, செல்வினின் கார் முடிவுக் கோட்டுக்கு முன்னால் வந்து நின்றது.

"ஏன் நிக்க?" என்றார் சார்.

"பெட்ரோல் தீந்துட்டு மாமா. நீங்க போங்க."

பச்சைக் கார் அங்கும் இங்கும் முட்டி, சுவரை உரசி, ஒரு வழியாகக் கோட்டைத் தாண்டியது. சார் எழுந்து நின்றார். அறுபது வயசு மனிதர் கண்ட்ரோலரைத் தலைக்கு மேல் தூக்கிப் பிடித்தார். பிறகு புவனாவை ஊற்ற விடாமல், மருமகன் தம்ளரைத் தன் கையாலேயே விளிம்பு வரை நிரப்பிக் கொடுத்தார்.

அதெல்லாம் போயிற்று. மாடி அறையை இடித்து இப்போது அங்கே நாலு மாடிக் கடை. செல்வினும் ஷீபாவும் மஸ்கட்டில், மணி கோயம்புத்தூரில், புவனா கனடாவில். சார் காலமாகி இரண்டு வருடமாகிறது. மாவு பொங்கிய அன்று நான் எங்கள் வாட்ஸ்அப் குழுவில் ஒரு வரி போட்டேன், சாயங்காலமே நாலு பேரும் இணையத்தில் கூடிவிட்டோம். அதே பந்தயம், புதுப் பதிப்பு. பாலத்துக்குக் கைப்பிடி வைத்துவிட்டார்கள். பச்சைக் காரை யாரும் எடுக்கவில்லை. ஆளாளுக்கு ஒரு தம்ளர் போஞ்சி பக்கத்தில் வைத்துக்கொண்டு, கத்திக் கத்தி ஓட்டினோம். மனைவி வந்து எட்டிப் பார்த்து, "பைத்தியம்" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

கடைசிப் பந்தயத்தில் மற்ற மூன்று கார்களும் கோட்டுக்கு முன்னால் வந்து நின்றன. காதில் செல்வினின் குரல்: "நீ போ மக்கா." நான் போனேன். வாழ்க்கையில் முதல் தடவையாக முதலாவதாக வந்தேன். ஜெயித்தவன் ஊற்ற வேண்டும். எழுந்து, எலுமிச்சம்பழம் பிழிந்து, சர்க்கரை போட்டு, ஒரு தம்ளர் நிறைய ஊற்றினேன். வாங்கிக்கொள்ள எதிரே ஆள் இல்லை.